அகுஸ்தினுக்கு ஒரு முழ இடம்

கல்லறைத் திருநாளுக்கு ஒரு வாரம் இருக்கும்போதே போலந்துக் கடலோரத்தில் எங்கள் ஊரான க்தினியாவில் வாளிக்கும் பிரஷ்ஷுக்கும் கிராக்கி வந்துவிடும். மேட்டுக் கல்லறைத் தோட்டத்தின் குழாயடியில் பெண்கள் வரிசை கட்டி நிற்பார்கள். கல்லைத் தேய்க்க ஒரு பிரஷ், பெயர் எழுத்துக்களின் இடுக்கைத் துலக்கப் பழைய பல் பிரஷ், துடைக்கத் துணி, பிறகு சாமந்தித் தொட்டி, மூடி போட்ட கண்ணாடி விளக்கு. செத்துப்போனவரை மறக்கவில்லை என்று சொன்னால் போதாது, அது கல்லில் தெரிய வேண்டும். பாசி படர்ந்த கல்லைப் பார்த்தால் பக்கத்துக் கல்லறைக்காரி உச்சுக் கொட்டிவிட்டு, இவருக்குப் பிள்ளைகள் இருந்தும் இல்லாத மாதிரிதான் என்று நாலு பேர் காதில் விழும்படி சொல்லிவிட்டுப் போவாள்.

த்ரூடா ஃபோர்மெலாவை யாரும் அப்படிச் சொன்னதில்லை. அவள் கணவன் அலோய்சியின் கல்லில் முகம் பார்த்துத் தலை வாரலாம். அவளுடன் வேலை பார்த்த பழைய மெக்கானிக் புரூனோன் ஒரு தடவை அந்தப் பக்கமாகப் போனவர், "அவன் உயிரோட இருந்தப்ப அவன் முதுகைக்கூட நீ இவ்வளவு தேய்ச்சிருக்க மாட்ட" என்றார். த்ரூடா தலையைத் தூக்காமலே, அவன் முதுகு இவ்வளவு அழுக்காக இருந்ததில்லை என்று பதில் சொன்னாள்.

அம்மாவின் கல்லையும் அவள்தான் தேய்ப்பாள். இரண்டையும் முடித்துவிட்டு வாளியைக் கவிழ்த்து வைத்தபின்தான் அவளுக்கு அந்த நமைச்சல் ஆரம்பிக்கும். கை ஈரம் காய்ந்திருக்காது, சோப்பு மிச்சமிருக்கும், தேய்க்க இன்னொரு கல் இருக்க வேண்டும், இருக்காது. அப்பா அகுஸ்தினுக்குக் கல்லறை கிடையாது. கல்லறை இல்லாதவர்களுக்கெல்லாம் தோட்டத்தின் நடுவில் உள்ள பெரிய சிலுவைதான். கடலில் போனவர்கள், போரில் போனவர்கள், எங்கே என்று தெரியாதவர்கள் எல்லோருக்கும் அங்கே விளக்கு வைப்பார்கள். த்ரூடாவும் நினைவு தெரிந்த நாளிலிருந்து அங்கேதான் வைக்கிறாள். ஒரு தெருக்கூட்டத்துக்குள் பிள்ளையை விட்டுவிட்டு வருவது போல இருக்கும் அவளுக்கு. அப்பாவுக்கென்று ஒரு முழ இடம், தேய்க்க ஒரு கல். அவ்வளவுதான் அவள் கேட்டது.

இரண்டாம் உலகப் போரில், அவள் அம்மாவின் வயிற்றில் இருக்கும்போதே ஜெர்மன்காரர்கள் அப்பாவைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். படகுகளின் இடுக்குக்குத் தார் அடைக்கிற வேலை அவருக்கு. எதற்குப் பிடித்தார்கள் என்று வீட்டில் ஒருவருக்கும் சரியாகத் தெரியாது. துறைமுகத்தில் யாருக்கோ எதையோ கைமாற்றிக் கொடுத்தார் என்றார்கள். எங்கள் பக்கம் முகாம் என்று சொன்னால் அது ஒன்றுதான், விஸ்துலா ஆற்றைத் தாண்டி, கடலோரப் பைன் காட்டுக்குள் கைதிகளை அடைக்க ஜெர்மன்காரன் கட்டியது. அங்கே கொண்டு போனார்கள். அடுத்த குளிர்காலத்தில் இறந்துவிட்டார் என்று ஒரு வரி வந்தது. எங்கே வைத்தோம் என்று இன்னொரு வரி வரவில்லை.

அம்மா போர் முடிந்தபின் ஒரு தடவை தனியாக அங்கே போய்விட்டு வந்தாள். வந்தவள் பிள்ளைகளை உட்காரவைத்து, நீங்கள் இரண்டு பேரும் அந்தப் பக்கம் போகக்கூடாது என்று மட்டும் சொன்னாள். அத்தோடு சரி. பள்ளிக்கூடத்தில் எல்லாப் பிள்ளைகளையும் முகாம் பார்க்க அழைத்துக்கொண்டு போன அன்று த்ரூடாவுக்குக் காய்ச்சல் என்று சொல்லி வீட்டில் படுக்க வைத்துவிட்டாள்.

த்ரூடா வளர்ந்து டிராலிபஸ் ஓட்டினாள், மேலே கம்பியிலிருந்து மின்சாரம் இழுத்து ஓடுகிற பஸ். பனியில் பஸ் கூரையின் கொம்பு கம்பியை விட்டுக் கழன்றுவிட்டால் ஆண்களே யாராவது வரட்டும் என்று உட்கார்ந்திருப்பார்கள். அவள் கையுறையைப் போட்டுக்கொண்டு இறங்கி, கயிற்றைப் பிடித்து இழுத்து மாட்டிவிட்டு வந்து, உள்ளே முணுமுணுப்பவர்களை ஒரு பார்வை பார்ப்பாள். பணியிலிருந்து ஓய்வு பெற்றாள், அலோய்சி போனான், மகன் நார்வேயில் கப்பல் பட்டறையில் வெல்டிங் வேலைக்குப் போனான். அதன் பிறகு அக்கா கிளாராவைத் தன் வீட்டுக்கு அழைத்துக்கொண்டாள். கிளாராவும் விதவை. முழங்கால் இரண்டும் போய்விட்டது. வாய் போகவில்லை.

கிளாராவிடம் அப்பா இருந்தார். அதுதான் த்ரூடாவுக்குத் தாங்காது. கிளாரா ஆறு வயசு வரைக்கும் அவரைப் பார்த்தவள். அவர் தோளில் உட்கார்ந்து துறைமுகம் போனது, அவர் மேல் வீசும் தார் வாசனை, மாடி ஏறும்போதே அவர் அடிக்கும் விசில், இந்த மூன்றையும் கிளாரா வாழ்நாள் முழுக்க வைத்துச் செலவழித்தாள். சண்டை வந்தால் கடைசியில், "நீ அவரைப் பாத்ததே இல்ல, உனக்கென்ன தெரியும்" என்பாள். அத்தோடு த்ரூடாவின் வாய் அடைத்துவிடும். அந்த மூன்றுக்கு மேல் ஏதாவது உண்டா என்று எத்தனையோ முறை கேட்டிருக்கிறாள். இல்லை என்பாள் கிளாரா.

த்ரூடாவுக்கு எழுபத்தொன்று நடந்த வருஷம், ஓய்வுபெற்ற ஓட்டுநர் சங்கத்தில் அக்டோபர் கடைசியில் ஒரு நாள் சுற்றுலா வைத்தார்கள். காலையில் வழிகாட்டியோடு முகாம், மதியம் ஸ்டெக்னா கடற்கரையில் வறுத்த மீன், இருட்டுவதற்குள் வீடு. எங்கள் பக்கம் இப்படித்தான் சேர்த்துப் போடுவார்கள், அதில் யாருக்கும் தப்புத் தெரிவதில்லை. கிளாராவுக்குத் தெரிந்தது.

"பொணக்காட்டைப் பாத்துட்டு மீன் திங்கப் போறியா? அம்மா என்ன சொன்னா?"

"அம்மா போய்ச் சேந்து எவ்வளவு காலம் ஆச்சு. சொன்னது அவளோட போச்சு."

"அங்க அப்பா இல்ல, த்ரூடா."

"இங்கயும் இல்லையே."

கிளாரா திரும்பி ஜன்னலைப் பார்த்து உட்கார்ந்துகொண்டாள். த்ரூடா பையை அவள் கண் முன்னாலேயே அடுக்கினாள். கண்ணாடி விளக்கு, தீப்பெட்டி, பிரஷ், துணி, பழைய ஜூஸ் பாட்டிலில் சோப்புத் தண்ணீர், தொட்டி கவிழாமலிருக்க அட்டைப் பெட்டிக்குள் வெள்ளைச் சாமந்தி.

சுற்றுலாப் பஸ் புறப்பட்டதிலிருந்து புரூனோன் வாய் ஓயவில்லை. டிரைவர் பிரேக்கை மிதிக்கிற மிதியைப் பார்த்தால் பழைய கடனைத் தீர்க்கிற மாதிரி இருக்கிறது, த்ரூடா நீயே போய் ஓட்டு என்றார். பஸ் முழுக்க ஓட்டுநர்கள், ஆளாளுக்கு அந்தப் பையனின் வளைவுகளைக் குறை சொல்லிக்கொண்டே வந்தார்கள். ஆற்றுப் பாலம் தாண்டித் தாழ்ந்த வயல்கள் போய் பைன் காடு ஆரம்பித்ததும் பேச்சு தானாக நின்றது. த்ரூடா சாமந்திப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டாள்.

வழிகாட்டி எரிக் என்பவர், நாற்பது வயதிருக்கும், ஒல்லியானவர், குரலை உயர்த்தாமல் பேசினார். சொன்னதை அழும்படியும் சொல்லவில்லை, கணக்குப் போலவும் சொல்லவில்லை. மரத்தாலான அந்த வாசலுக்குள் நுழையும்போது ஆண்கள் எல்லோரும் தொப்பியைக் கழற்றினார்கள். மரக் கொட்டகைகள், மூன்று அடுக்குப் படுக்கைகள், ஒரு சின்ன அடுப்பு. இவ்வளவு பெரிய கொட்டகைக்கு இந்த அடுப்பா என்று யாரோ கேட்டார்கள். எரிக், அதுவும் எல்லா நாளும் எரியவில்லை என்றார். மற்றவர்கள் சுவரைப் பார்த்தார்கள், கண்ணாடிப் பெட்டிகளைப் பார்த்தார்கள். த்ரூடா தரையைத்தான் பார்த்தாள். எங்கே கால் வைத்தாலும் இங்கே அவர் கால் பட்டிருக்குமா என்ற யோசனைதான். வாசலிலிருந்து உள்ளே வரும் பாதை ஒன்றுதான் என்று எரிக் சொன்னபோது அவள் வந்த பாதையைத் திரும்பிப் பார்த்தாள். அப்படியானால் அந்தப் பாதையில் நிச்சயம் நடந்திருக்கிறார். கடல் கண்ணில் படவில்லை, ஆனால் காற்றில் இருந்தது. தாருக்கும் கடலுக்கும் பழகிய மனுஷன், மூக்கில் வாசனை ஏறும்போதெல்லாம் என்ன நினைத்திருப்பார்.

எரிக் அடுத்த இடத்துக்கு நகர்வதற்குள் அவள் பின்னால் போய் அவர் கையைத் தொட்டாள். தன் பெயரையும் அப்பா பெயரையும் சொன்னாள், எந்தக் குளிர்காலம் என்று சொன்னாள், எந்த இடத்தில் என்று கேட்டாள். அவர் அவசரப்படாமல் நின்று கேட்டார். அந்தக் குளிர்காலத்தில் இறந்தவர்களைப் புதைக்கவில்லை, எரித்தார்கள் என்றார். அது எனக்குத் தெரியும், சாம்பலைச் சொல்லுங்கள் என்றாள். சாம்பலைக் காட்டுக்குள் பல இடங்களில் கொட்டியிருக்கிறார்கள், யாருடையது எங்கே என்று சொல்ல யாராலும் முடியாது என்றார்.

"தோராயமா ஒரு இடம் சொல்லுங்க, தம்பி."

"தோராயமாகூடச் சொல்ல முடியாது, பானி த்ரூடா." அம்மா என்று மரியாதையாகக் கூப்பிடுகிற மாதிரி அந்தப் பானி.

"இத்தனை மரம் இருக்கு. ஏதாவது ஒண்ணைக் கையைக் காட்டுங்க. நான் நம்பிடுவேன். உங்களுக்கு என்ன நஷ்டம்?"

"நீங்க நம்பிடுவீங்கன்னுதான் காட்ட மாட்டேங்கிறேன்."

அவருக்குக் கண் கலங்கியிருந்தது, ஆனால் விட்டுக்கொடுக்கவில்லை. த்ரூடாவுக்கு ஆத்திரமாக வந்தது. அவளும் விட்டுக்கொடுக்கிறவள் இல்லை. சரி, நீ காட்ட வேண்டாம், நானே பார்த்துக்கொள்கிறேன் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டு கூட்டத்தின் வாலுக்குப் போனாள்.

இடிந்துபோன கொட்டகைகளின் அடித்தளம் மட்டும் மிஞ்சிய வெளி ஒன்று வந்தது. வரிசை வரிசையாகச் செங்கல் கோடுகள், நடுவில் புல். கூட்டம் எரிக்கின் பின்னால் நகர்ந்தது. த்ரூடா நின்றுவிட்டாள். காட்டுப் பக்கமாக ஒரு மூலையில் செங்கலும் சாந்துமாக ஒரு திட்டு, முழங்கால் உயரம்கூட இல்லை, பாசி அப்பிக் கிடந்தது. அதைப் பார்த்ததும் அவளுக்கு வேறொன்றும் தோன்றவில்லை. யாருமே இல்லாதவனின் கல்லறை மாதிரி கிடக்கிறதே என்றுதான் தோன்றியது. இதுதான் என்று முடிவு பண்ணினாள். கோட்டை மடித்து அதன் மேல் முழங்காலிட்டு, சோப்புத் தண்ணீரை ஊற்றித் தேய்க்க ஆரம்பித்தாள்.

பச்சை வழிந்தது. சிவப்புச் செங்கல் தெரிந்தது. எத்தனை வருஷத்து நமைச்சல் கையில் இருந்ததோ, எல்லாம் அந்தக் கல்லில் போயிற்று. சாந்து பொடிப்பொடியாக உதிர்ந்ததுகூட அழுக்கு என்றுதான் அவளுக்குப் பட்டது. அவள் உதடு அசைந்துகொண்டிருந்தது. ஜெபம் இல்லை, அப்பாவிடம் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள், மகன் நார்வேயில் இருக்கிறான், கிளாராவுக்கு முழங்கால் முடியவில்லை, இப்படி.

புரூனோன் ஆளைக் காணோம் என்று திரும்பிப் பார்த்து, எரிக்கையும் கூட்டிக்கொண்டு வந்தார். எரிக் பக்கத்தில் வந்து அவரும் மண்டியிட்டார்.

"பானி, கையை எடுங்க. இங்க தேய்க்கக்கூடாது."

"இப்படிப் பாசி புடிச்சுக் கெடக்கே, யாருக்கும் வெக்கமா இல்லையா?"

"கெடக்கட்டும். இங்க நாங்க பாத்துக்கிற விதம் அதுதான், தொடாம இருக்கிறது."

பிறகு அவர் பக்கத்துச் செங்கலில் பாசி விலகிய ஓர் ஓரத்தைக் காட்டினார். சாந்தில் ஒரு பள்ளம். ஈரமாக இருந்தபோது யாரோ கட்டை விரலால் அழுத்தி வழித்த தடம். கட்டியது கைதிகள்தான் என்றார். த்ரூடா அதைப் பார்த்தாள். பிறகு தான் தேய்த்த கல்லைப் பார்த்தாள். அங்கே சாந்து வழவழவென்று, ஒன்றுமே இல்லாமல், சுத்தமாக இருந்தது.

இதில் இருந்ததா என்று கேட்டாள்.

"தெரியல" என்றார் எரிக். இந்தத் தடவையும் பொய் சொல்லவில்லை. இருந்திருக்காது அம்மா என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவர் சொல்லவில்லை, பிரஷ்ஷை வாங்கித் தண்ணீர் சொட்டாமல் துணியில் சுற்றி அவள் பையில் வைத்தார். எழுந்திருக்கக் கை கொடுத்தார். விளக்கையும் பூவையும் நினைவுச்சின்னத்தின் கீழே வைக்கலாம், எல்லோரும் அங்கேதான் வைப்பார்கள் என்றார். பூவை அங்கே வைத்தாள். விளக்கை வைக்க மனம் வரவில்லை. கூட்டத்தில் வைக்க அவளுக்கு ஊரிலேயே ஒரு சிலுவை இருக்கிறது.

ஸ்டெக்னாவில் மீன் வந்தது, புளித்த முட்டைக்கோஸ் வந்தது. வாய்க்குள் போகாது என்று நினைத்தாள். முழுத்துண்டையும் தின்றாள். பசி அப்படி. தின்று முடித்த பிறகுதான் வெட்கமாக இருந்தது. புரூனோன் ஒரு கிண்டலும் செய்யாமல் தன் தட்டிலிருந்த எலுமிச்சைத் துண்டை அவள் தட்டுக்குத் தள்ளினார்.

திரும்பும் வழியெல்லாம் அவள் கிளாராவுக்கு ஒரு கதை தயார் பண்ணினாள். இடத்தைக் கண்டுபிடித்துவிட்டேன், கொட்டகை மூலையில் ஒரு பெரிய பைன் மரம், அதன் அடி, வழிகாட்டியே காட்டினார் என்று. சொன்னால் கிளாராவின் அந்த ஒரு வாக்கியம் இனி செல்லாது. அப்பாவில் ஒரு பங்கு இவளுக்கும் வந்துவிடும். ஆற்றுப் பாலம் வருவதற்குள் மரத்துக்குக் கிளைகூட முளைத்துவிட்டது.

கிளாரா சமையலறையில் ஆப்பிள் தோல் சீவிக்கொண்டிருந்தாள். மீன் நன்றாக இருந்ததா என்று ஏளனமாகத்தான் ஆரம்பித்தாள். த்ரூடா கோட்டைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்து, கல்லைத் தேய்த்த கதையைச் சொன்னாள். கிளாரா சிரித்தாள். பாதியில் சிரிப்பு நின்றது. பாசி எவ்வளவு இருந்தது என்று கேட்டாள். நிறைய என்றாள் த்ரூடா. நானாக இருந்தாலும் தேய்த்திருப்பேன் என்றாள் கிளாரா. அதன் பிறகு ஒவ்வொன்றாகக் கேட்க ஆரம்பித்தாள். குளிர் எப்படி, படுக்கைக்கும் படுக்கைக்கும் இடம் எவ்வளவு, காற்று உள்ளே வருமா, அங்கிருந்து கடல் தெரியுமா. த்ரூடா சொல்லச் சொல்ல, கத்தி ஆப்பிளில் அப்படியே நின்றது. எழுபது வருஷத்தில் அப்பாவைப் பற்றி அக்கா கேட்டு இவள் சொல்வது அதுதான் முதல் தடவை.

"எடத்தைக் காட்டினானா?"

த்ரூடா வாயைத் திறந்தாள். பைன் மரம் நாக்கு நுனியில் நின்றது. எரிக் மண்டியிட்ட இடத்தில் அவர் கால்சட்டையில் ஒட்டியிருந்த ஈரப்பாசி ஏனோ கண் முன் வந்தது.

"தெரியாதுன்னுட்டான். யாருக்கும் தெரியாதாம்."

கிளாரா தலையாட்டினாள். பிறகு குரலை இறக்கி, சின்ன வயசுச் செல்லப் பெயரில், "சும்மாவாவது ஒரு எடத்தைச் சொல்லேன், த்ரூட்கா. நான் என்ன இந்தக் காலை வச்சுக்கிட்டுப் போய்ச் சரிபாக்கவா போறேன்" என்றாள்.

"மாட்டேன்."

"பிடிவாதம் புடிச்சவ."

"உன் தங்கச்சிதானே."

கிளாரா சீவிய ஆப்பிளைத் தட்டில் வைத்தாள், அடுத்ததை எடுத்தாள், சீவாமல் மேசையில் உருட்டிக்கொண்டிருந்தாள். பிறகு தங்கையைப் பார்க்காமலே பேசினாள்.

"இன்னொண்ணு இருக்கு. உன்கிட்ட சொன்னதில்ல. அவனுங்க வந்த அன்னைக்கு அப்பா கோட்டை மாட்டிக்கிட்டிருந்தார். நான் கதவுகிட்ட நின்னேன். போறதுக்கு முன்னால என்னைத் தூக்குவார்னு ரெண்டு கையையும் தூக்கிக்கிட்டு நின்னேன். அவர் நேரா அம்மாகிட்ட போனார். குனிஞ்சு அம்மா வயித்துல வாயை வச்சு என்னமோ சொன்னார். அவ்வளவுதான். அவனுங்க இழுத்துக்கிட்டுப் போயிட்டானுங்க. என் பக்கம் திரும்பவே இல்ல."

கிளாராவின் கை மேசை மேல் கிடந்தது, தோல் சுருங்கி, ஆப்பிள் சாற்றில் கறுத்து. த்ரூடா எழுந்து போய் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள். கிளாரா இழுத்துக்கொள்ளவில்லை.

"என்ன சொன்னார்?" என்று கேட்டாள் த்ரூடா.

"எனக்கெப்படிக் கேக்கும்? உன்கிட்டதானே சொன்னார்."

பிறக்காத பிள்ளை கேட்டது பிறந்தபின் நினைவில் நிற்காது என்று எந்த டாக்டரும் சொல்வார். சொல்லிவிட்டுப் போகட்டும். த்ரூடா அன்று அடுப்பில் டீக்குத் தண்ணீர் வைத்துவிட்டு, கோட்டோடு நின்றபடி, கண்ணை இறுக மூடிக்கொண்டு, அது என்னவென்று யோசித்துக்கொண்டே இருந்தாள். தண்ணீர் கொதித்துக் கெட்டில் கூவியது. கிளாராதான் முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து போய் அடுப்பை அணைத்தாள்.